செய்னம்பு உம்மாவின் பெயர்

அன்பு நண்பருக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். கொழும்பிலிருந்து வந்தவர் கையில் நீங்கள் கொடுத்தனுப்பிய கடிதம் நேற்று லுஹருக்குப் பிறகு என்னிடம் சேர்ந்தது. பேத்தி பிறந்த செய்தியை அடுக்களை வரை கேட்கும்படி உரக்கச் சொல்லிவிட்டுத்தான் அடுத்த வரிக்குப் போனேன். ஏழாம் நாள் தவறிவிட்டதால் பதினான்காம் நாளில் ஆடு அறுத்து அகீகா கொடுத்துப் பெயர் வைக்கப்போவதாகவும், உங்கள் உம்மாவின் பெயரான செய்னம்பையே, அதாவது அரபியின் 'ஜைனப்' என்பதையே, வைக்க உங்களுக்கு ஆசை என்றும், ஆனால் வீட்டில் அதைப்பற்றி மூன்று விதமான பேச்சு நடக்கிறது என்றும் எழுதியிருந்தீர்கள். மகள் அதற்குத் 'தந்தையின் அழகு' என்று பொருள் என்கிறாள். சம்பந்தி வீட்டார் அது ஒரு மணமுள்ள பூ என்கிறார்கள். மருமகனோ கைப்பேசியில் தேடிப் பார்த்துவிட்டு, 'பருத்தவள்' என்று போட்டிருக்கிறதே என்று முகம் சுளிக்கிறார். முப்பது வருடம் பிள்ளைகளுக்கு அரபு சொல்லிக்கொடுத்தவன் என்பதால் வழக்கை என்னிடம் அனுப்பிவிட்டீர்கள்.

கண்புரை அறுவை முடிந்து இன்னும் ஒரு மாதம் ஆகவில்லை. பொடி எழுத்தைப் பார்க்கக் கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறார். ஆகவே ஓதுகிற பேரனைப் பக்கத்தில் உட்காரவைத்து, அலமாரியிலிருந்து அகராதிகளை எடுத்துப் படிக்கச் சொன்னேன். அவன் படிக்கப் படிக்க எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. உங்கள் வீட்டில் மூன்று பேரும் சொல்வது மூன்றும் அகராதியில் இருக்கிறது. போதாததற்கு நான்காவதாக ஒன்றும் இருக்கிறது. அதை மருமகனிடம் சொல்லிவிடாதீர்கள்.

பைரூஸாபாதீயின் 'அல்காமூஸ்' அகராதி நான்கையும் ஒரே மூச்சில் அடுக்கிவிடுகிறது. 'ஸனிப' என்றால் பருத்தான், 'அஸ்னப்' என்றால் பருத்தவன். அதிலிருந்து பெண்ணுக்கு ஜைனப் என்று பெயர் வந்தது என்பது முதல் கருத்து. தேளின் கொடுக்கைக் குறிக்கும் 'ஸுனாபா' என்ற சொல்லிலிருந்து வந்தது என்பது இரண்டாவது. நான் மறைக்கச் சொன்னது இதைத்தான். பார்வைக்கு அழகும் நறுமணமும் உள்ள 'ஜைனப்' என்ற மரத்திலிருந்து வந்தது என்பது மூன்றாவது. 'ஜைனு அப்', அதாவது தந்தைக்கு அழகு, என்ற இரண்டு சொற்கள் ஒட்டியது என்பது நான்காவது.

இவற்றில் எனக்கு மனம் ஒப்புவது மரம்தான். அதைச் சொன்னவர் கூஃபாவைச் சேர்ந்த இப்னுல் அஃராபீ. நாட்டுப்புற அரபிகளின் வாய்ச்சொற்களைத் திரட்டியவர், 846-இல் இறந்தவர். அவர் சொன்னதை இப்னு மன்ளூர் தம் 'லிசானுல் அரப்' அகராதியில் எடுத்துவைத்திருக்கிறார். அந்த மரத்தில் ஒன்றைத் தனியே சொல்லும்போது 'ஜைனபா' என்பார்கள் என்றும் அங்கே குறிப்பு இருக்கிறது. பேரீச்சம்பழத்தைப் பொதுவாகத் 'தம்ர்' என்றும் ஒரு பழத்தைத் 'தம்ரா' என்றும் அரபிகள் சொல்வது உங்களுக்கு நினைவிருக்கும். அதே இலக்கணம்தான் இதுவும். யாரோ கற்பனையில் கட்டிய பொருளாக இருந்தால் இப்படி ஒருமைக்குத் தனிச்சொல் வரை போயிருக்காது. உண்மையாகவே மக்கள் பேச்சில் புழங்கிய மரப்பெயர் என்று அதனால்தான் நம்புகிறேன். மரம் எப்போது பூவாயிற்று என்று கேட்டால், பெயர்ப்புத்தகம் அச்சிடுகிறவர்களைத்தான் கேட்க வேண்டும்.

'தந்தையின் அழகு' என்பது காதுக்கு இனியது. மகள் அதைப் பிடித்துக்கொண்டதில் வியப்பில்லை. ஆனாலும் பெயர் வழங்கத் தொடங்கிய பிறகு அதைப் பிரித்துப் பார்த்தவர்கள் கண்ட பொருள் அது என்றே எனக்குத் தோன்றுகிறது. நபிகள் நாயகத்தின் மகள் ஃபாத்திமா நாயகிக்கு 'உம்மு அபீஹா', அதாவது தம் தந்தைக்கே தாய் போன்றவர், என்ற சிறப்புப்பெயர் உண்டல்லவா? தந்தையோடு சேர்த்துச் சொல்ல நினைத்தால் அரபியில் அப்படி 'அவளுடைய தந்தை' என்று சுட்டிச் சொல்வதே இயல்பு. வெறுமனே 'அப்' என்று முடித்து, நடுவே இருந்த ஹம்ஸா என்ற எழுத்தையும் விழுங்கி ஒற்றைச் சொல்லாக்குவது வலிந்து செய்ததாக இருக்கிறது. ஃபாத்திமா நாயகியின் கணவர் அலீ அவர்களின் மகளுக்கும் இதே பெயர் இருந்ததால், அந்தத் தந்தையையும் மகளையும் நினைத்து உருகுகிறவர்களிடம் இந்தப் பொருள் வேரூன்றிவிட்டது. அதைக் குறையாகச் சொல்லவில்லை.

மருமகனின் கவலைக்கு வருகிறேன். பாலைவனத்தில் ஒட்டகப் பாலையும் பேரீச்சையையும் நம்பி வாழ்ந்தவர்களுக்குச் சதைப்பிடிப்பு என்பது நல்வாழ்வின் அடையாளம். பஞ்சம் தொடாத வீட்டுப் பெண் என்று பொருள். நம்முடைய உம்மாமார்கள் பெண் பார்த்துவிட்டு வந்து, 'பிள்ளை பூசினாற்போல இருக்கிறாள்' என்று மெச்சுவார்களே, அதே மெச்சல்தான் அதில் இருக்கிறது. இது போதாது என்றால், அகராதியை விட வலுவான சாட்சி ஒன்று இருக்கிறது.

நபிகள் நாயகம் பலருடைய பெயர்களை மாற்றியிருக்கிறார்கள். 'ஆஸியா', அதாவது மாறுசெய்பவள், என்ற பொருளில் பெயர் வைத்திருந்த ஒரு பெண்ணை 'ஜமீலா' ஆக்கினார்கள். கெட்ட பொருளை மாற்றியது எளிதில் விளங்குகிறது. ஆனால் நல்ல பொருளையும் மாற்றியிருக்கிறார்கள். நாயகத்தின் மனைவியருள் ஒருவரான, ஜஹ்ஷுடைய மகளின் பெயர் முதலில் 'பர்ரா'. பக்திமிக்கவள், நல்லவள் என்று பொருள். தன்னைத் தானே புகழ்ந்துகொள்வது போல ஆகும் என்று அந்தப் பெயரை நீக்கி, அவருக்கு 'ஜைனப்' என்று வைத்தார்கள். இன்னொரு மனைவி உம்மு ஸலமா அவர்களின் மகளும் 'பர்ரா'வாக இருந்து 'ஜைனப்' ஆனவர்தான். இத்தனை கவனமாகப் பெயரின் பொருளைப் பார்த்தவர்கள், பொருள் பளிச்சென்று மின்னிய ஒரு பெயரை எடுத்துவிட்டு இதை வைத்திருக்கிறார்கள் என்றால், அன்றைய மதீனாவின் காதுக்கு 'ஜைனப்' என்பதில் இழுக்கும் கேட்கவில்லை, தற்பெருமையும் கேட்கவில்லை. பெயருக்குப் பின்னால் பொருளைத் துரத்திக்கொண்டு ஓடும் இந்தக் காலத்துப் பெற்றோருக்கு இதை எழுதி ஒட்டிவைக்கலாம்.

அந்தப் பெயர் இஸ்லாத்துக்கும் முந்தையது என்பதையும் மருமகனிடம் சொல்லுங்கள். நாயகத்தின் மூத்த மகள் ஜைனப், நபித்துவத்துக்கு ஏறத்தாழ பத்து வருடங்களுக்கு முன் பிறந்தவர். மக்காவில் ஏற்கெனவே வழங்கிய பெயரைத்தான் கதீஜா நாயகியும் நாயகமும் மூத்த மகளுக்குத் தேர்ந்தார்கள். இந்த ஜைனபின் கதையை உங்கள் உம்மா எத்தனை இரவு நமக்குச் சொல்லியிருக்கிறார்கள்! பத்ருப் போரில் அவருடைய கணவர் அபுல் ஆஸ் எதிரணியில் நின்று கைதியானார். அவர் கதீஜா நாயகியின் சகோதரி மகன். அப்போது இஸ்லாத்தில் இல்லாதவர். ஆனாலும் மனைவியை விலக்கிவிடு என்று மக்காவின் குறைஷிக் குலத்தார் நெருக்கியபோது மறுத்தவர். கணவரை மீட்க மக்காவிலிருந்து ஜைனப் அனுப்பிய ஈட்டுப் பொருளில் ஒரு கழுத்துமாலை இருந்தது. கல்யாணத்தன்று தாய் கதீஜா மகளுக்குப் போட்டுவிட்ட மாலை அது. கதீஜா இறந்து சில வருடங்கள் ஆகியிருந்த வேளை. அதைக் கண்டதும் நாயகத்தின் முகம் வாடிப்போனது. நீங்கள் விரும்பினால் கைதியை விடுவித்து மாலையையும் திருப்பி அனுப்புங்கள் என்று தோழர்களிடம் கேட்டார்கள். தோழர்கள் அப்படியே செய்தார்கள். உங்கள் உம்மா இந்த இடத்துக்கு வரும்போது தம் கழுத்தைத் தடவிக்கொள்வார்கள். அந்தக் கை அசைவு இன்றும் என் கண்ணில் இருக்கிறது.

பிறகு மதீனாவுக்கு வந்த ஜைனப், தம்மிடம் அடைக்கலம் தேடி இரவில் வந்த அதே கணவருக்காக, சுபுஹுத் தொழுகையில் பெண்களின் வரிசையிலிருந்து, 'அபுல் ஆஸுக்கு நான் அடைக்கலம் கொடுத்திருக்கிறேன்' என்று எல்லாரும் கேட்க அறிவித்தார். அவர் மக்காவுக்குத் திரும்பி, தம்மிடமிருந்த பிறர் பொருள்களை எல்லாம் உரியவர்களிடம் ஒப்படைத்துவிட்டு இஸ்லாத்தில் சேர்ந்தார். ஹிஜ்ரி 8-இல் ஜைனப் இறந்தார். தொழும்போது நாயகம் தோளில் சுமந்துகொண்ட குழந்தை உமாமா இந்தத் தம்பதியின் மகள்தான்.

'பர்ரா'வாக இருந்து பெயர் மாறிய ஜஹ்ஷின் மகளையும் ஒரு வரியில் கடந்துவிட முடியாது. உங்களில் கை நீண்டவரே எனக்குப் பின் முதலில் வந்து சேர்வார் என்று நாயகம் சொன்னதைக் கேட்டு, மனைவிமார்கள் ஒருவர் கையோடு ஒருவர் கை வைத்து அளந்து பார்த்தார்களாம். ஹிஜ்ரி 20-இல் முதலில் இறந்தவர், குட்டையான இந்த ஜைனப். தோலைப் பதனிட்டுத் தைத்து, வந்த காசையெல்லாம் ஏழைகளுக்குக் கொடுத்தவர் அவர். கை நீளம் என்பது கொடையின் நீளம் என்று அதன்பிறகுதான் மற்றவர்களுக்கு விளங்கியது. ஏழைகளின் தாய் என்று பெயர் பெற்ற குஸைமாவின் மகள் ஜைனபும் நாயகத்தின் மனைவியே. மணமான சில மாதங்களிலேயே இறந்தவர். கர்பலாவில் 680-இல் சகோதரர் ஹுசைனைப் பறிகொடுத்து, சங்கிலியில் கட்டப்பட்டவர்களோடு டமாஸ்கஸ் வரை போய், கலீஃபா யஸீதின் அவையில் நின்று பேசிய, அலீ அவர்களின் மகள் ஜைனபைப் பற்றி நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. டமாஸ்கஸின் தெற்கே ஒன்றும் கெய்ரோவில் ஒன்றுமாக அவர் பெயரில் இரண்டு தலங்கள் இருக்கின்றன.

சிரியாவின் பழைய தத்முரை ஆண்டு, 272-இல் ரோமாபுரியின் ஒளரேலியனிடம் தோற்ற ராணி ஸெனோபியாவின் பெயரும் இதுவே என்று சிலர் எழுதுகிறார்கள். அந்த ராணிக்கு அரமேய மொழியில் 'பத் ஸப்பாய்', ஸப்பாயின் மகள், என்று பெயர், 'ஸெனோபியா' கிரேக்கம். ஒலி ஒத்திருப்பதை வைத்து உறவு கொண்டாடுவது எனக்குச் சம்மதமில்லை.

இனி நம் ஊர்ச் செய்னம்புக்கு வருவோம். அரபியில் ஜாய், யா, நூன், பா என்று நான்கே எழுத்து. பெண்பால் விகுதியான வட்டத் 'தா' இல்லாமலே பெண்பெயர் ஆன சொல் இது. 'ஜைதுன், ஜைதன், ஜைதின்' என்று ஆண்பெயரை ஓதிவிட்டு, 'ஜைனபு, ஜைனப, பி ஜைனப' என்று தன்வீன், அதாவது கடைசி 'ன்' ஒலி, இல்லாமல் ஓத வேண்டிய இடத்தில், நீங்கள் 'ஜைனபின்' என்று ஓதி உஸ்தாதிடம் பிரம்படி வாங்கினீர்களே, மறந்திருக்க மாட்டீர்கள். பெற்ற தாயின் பெயரிலேயே அடி வாங்கியவர் நம் வகுப்பில் நீங்கள் ஒருவர்தான்.

கடைசியில் நிற்கும் அந்த 'ப்' பல நாட்டு நாக்குகளைச் சோதித்திருக்கிறது. துருக்கியர் அதை வல்லொலியாக்கி 'ஸெய்னெப்' என்கிறார்கள். கிழக்கு ஆப்பிரிக்காவின் சுவாஹிலியில் ஓர் உகரம் சேர்த்து 'ஸைனபு' ஆக்கினார்கள். தமிழிலும் வல்லின ஒற்றில் சொல் முடியாது. ஆகவே நமக்கும் உகரம் வேண்டியிருந்தது. அதோடு விடாமல், பகரம் மெலியாமல் நிற்க ஒரு மகரத்தையும் முன்னே நட்டுக்கொண்டோம் என்பது என் ஊகம். கம்பு, நண்பன் என்று மெல்லினத்தின் பின்னால்தானே நம் பகரம் அரபியின் 'பா' ஒலியைப் பெறுகிறது. முதலெழுத்துக்கு இன்னும் வேடிக்கை. சகரம் அ, ஐ, ஔ ஆகியவற்றோடு சேர்ந்து சொல்லுக்கு முதலில் வராது என்பது தொல்காப்பியம். தொல்காப்பியம் பார்க்காமலே நம் உம்மாமார்கள் 'சை'யைத் தள்ளிச் 'செய்'யைப் பிடித்திருக்கிறார்கள்.

ஆனால் காகிதத்தில் இந்த அழகெல்லாம் தொல்லையாகிவிடும். உங்கள் உம்மாவுக்குக் குடும்ப அட்டையில் சைனம்பு, கடவுச்சீட்டில் ஜெயினம்பு, நிக்காஹ் பதிவேட்டில் ஜைனப் என்று மூன்று பெயர் இருந்ததையும், மூவரும் ஒருவரே என்று எழுதி வாங்க நீங்கள் ஓர் அலுவலகத்துக்கு ஏழு தடவை நடந்ததையும் நினைத்துப் பாருங்கள். ஆகவே என் யோசனை இது: பிறப்புச் சான்றில் 'ஜைனப்' என்று மட்டும் எழுதுங்கள், பின்னால் பீவி, நாச்சியா எதையும் ஒட்ட வேண்டாம். வீட்டில் செய்னம்பு என்று கூப்பிடுங்கள். மகள் 'தந்தையின் அழகு' என்றே நினைத்துக்கொள்ளட்டும், தடுக்க வேண்டாம்.

வெள்ளிக்கிழமை கொழும்பு திரும்புகிறவர் கையில் இந்தக் கடிதத்தோடு ஒரு பொருளும் வருகிறது. அகராதி தேடப்போய்ப் பரணையும் துழாவியதில் உங்கள் வீட்டுச் சஹன், பலர் சேர்ந்து உண்ணும் பெரிய தட்டு, ஒன்று கிடைத்தது. என் கல்யாணத்துக்கு இரவல் வாங்கியதைத் திருப்பிக் கொடுக்காமலே இத்தனை வருடம் வைத்திருந்திருக்கிறோம். அடியில் புள்ளி வெட்டிய பெயர் தேய்ந்து, இப்போது 'செ', 'ன', 'ம்', 'பு' மட்டும்தான் தெரிகிறது. புளி போட்டுத் துலக்கியும் 'ய்' வரவில்லை. விளிம்பில் இருக்கும் ஒடுக்கு என் கைவேலை. அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். அகீகாச் சோற்றை முதலில் அதில் பரிமாறுங்கள்.

வஸ்ஸலாம்.

உங்கள் பழைய மத்ரஸாக் கூட்டாளி
காயல்பட்டினம்