போர்ப் படத்தோடு எடுத்தவரின் குறிப்பையும் அச்சிடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் நீங்கள் இரண்டு பக்கம் ஒதுக்கி வெளியிட்ட போர்ப் படங்களைப் பார்த்தேன். தேர்வு நன்றாக இருந்தது, அச்சும் துல்லியம். ஆனால் ஒரு படத்தின் கீழும் எடுத்தவர் பெயர் இல்லை. எந்த நாள், எந்த இடம் என்பதும் இல்லை. எல்லாவற்றுக்கும் சேர்த்து ஓரத்தில் பொடி எழுத்தில் 'கோப்புப் படங்கள்' என்று ஒரு வரி. நான் ஒரு செய்தித்தாளின் இருட்டறையிலும், பிறகு அதன் நெகட்டிவ் காப்பறையிலும் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். அந்த வரியைப் பார்த்த பிறகு எழுதாமல் இருக்க முடியவில்லை.

உங்கள் பக்கத்தில் நடுநாயகமாக இருந்தது, இரண்டாம் உலகப் போரில் ஜப்பானின் இவோ ஜிமா தீவில் அமெரிக்க வீரர்கள் கொடி நடும் படம். 1945 பிப்ரவரி 23 அன்று அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் புகைப்படக்காரர் ஜோ ரோசென்தால் எடுத்தது. நட்டவர்கள் ஆறு பேர். அவர்கள் பெயரை அவர் அங்கே குறித்துக்கொள்ளவில்லை. கண் மூடித் திறப்பதற்குள் முடிந்துபோன காரியம் அது, அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. பிலிம் குவாம் தீவுக்குப் போய் அங்கே கழுவப்பட்டது. படம் உலகம் முழுக்கப் பேசப்பட்டபோது எடுத்தவர் இன்னும் அதைக் கண்ணால் பார்த்திருக்கவில்லை. வீரர்களை நிற்கவைத்து எடுத்தீர்களா என்று யாரோ கேட்டதற்கு, தான் அடுத்து எடுத்த குழுப் படத்தைப் பற்றிக் கேட்கிறார் என்று நினைத்து 'ஆம்' என்றார். ஜோடித்து எடுத்த படம் என்ற பழி அவரைச் சாகும்வரை விடவில்லை. பெயர்களின் கதை இன்னும் நீளம். 1947-இல் ஒரு பெயர் திருத்தப்பட்டது, 2016-இல் இன்னொன்று, 2019-இல் மூன்றாவது. அன்று அதே மலையில் மற்றவர்கள் எடுத்த படங்களும், ரோசென்தாலுக்குப் பக்கத்தில் நின்று பில் ஜெனௌஸ்ட் எடுத்த வண்ணத் திரைப்படச் சுருளும் இல்லாவிட்டால் பின்னிரண்டு திருத்தங்கள் நடந்திருக்காது. ஜெனௌஸ்ட் அந்த மார்ச் மாதமே அதே தீவில் கொல்லப்பட்டார். கொடி நட்டவர் என்ற பெருமை ஒருவருக்கு அவர் வாழ்நாளில் கிடைக்காமலே போனதும், நடாத இன்னொருவர் அதைச் சுமந்து திரிந்ததும் ஒரு துண்டுக் காகிதம் இல்லாததால் வந்த வினை.

குறிப்பு இருந்தால் என்ன ஆகும் என்பதற்கும் சான்று உண்டு. ஸ்பானிய உள்நாட்டுப் போரில் ராபர்ட் காப்பா, கெர்டா தாரோ, டேவிட் சீமோர் என்ற புகைப்படக்காரர்கள் மூவரும் எடுத்த ஏறத்தாழ 4,500 நெகட்டிவ்கள் 1939-இல் காணாமல் போயின. மெக்சிகோவில் இருந்த அவை 2007-இல் நியூயார்க்கின் சர்வதேசப் புகைப்பட மையத்துக்கு வந்து சேர்ந்தன. அட்டைப் பெட்டிகள், உள்ளே முட்டைப் பெட்டியைப் போலச் சிறு கட்டங்கள், கட்டத்துக்கு ஒரு சுருள், எந்தக் கட்டத்தில் என்ன என்று மூடியின் உட்புறத்தில் கையெழுத்தில் அட்டவணை. அந்த மூடியின் படத்தைப் பார்த்தபோது எனக்குக் கண் கலங்கியது. குண்டு விழும் காலத்தில் யாரோ ஒருவர் பேனாவை எடுத்து வரிசையாக எழுதியிருக்கிறார். தாரோ 1937 ஜூலையில் புரூனெத்தே போர்முனையில் பீரங்கி வண்டி மோதி இறந்தவர். வயது 26. காப்பாவின் படங்கள் என்று நெடுநாள் எண்ணப்பட்டவற்றில் சில அந்தப் பெண் எடுத்தவை என்று இந்தப் பெட்டிகளால்தான் தெரியவந்தது.

நான் வேலை பார்த்த இடத்தில் நேர் எதிரானது நடந்தது. அலுவலகம் இடம் மாறியபோது நெகட்டிவ்களைப் புதிய பிளாஸ்டிக் தாள்களுக்கு மாற்றச் சொன்னார்கள். பழைய காகித உறைகள் அமிலம் கசிந்து பிலிமைக் கெடுக்கும் என்பது சரிதான். ஆனால் உறைமேல் பென்சிலால் எழுதியிருந்ததைப் படியெடுக்கச் சொல்லி யாரும் உத்தரவு போடவில்லை. நான் கேட்டேன், ஆள் இல்லை என்றார்கள். உறைகள் மூட்டை மூட்டையாகப் போயின. போர்முனைக்குப் போய்வந்த எங்கள் புகைப்படக்காரர்கள் இரவு திரும்பியதும் கை நடுங்க எழுதிய வரிகள் அவை. பிலிம்கள் இன்னும் இருக்கின்றன. அவற்றில் இருப்பவர்கள் யார் என்று சொல்ல ஆள் இல்லை.

போரில் தனி மனிதர் தனக்காக வைத்துக்கொள்ளும் பதிவு எவ்வளவு பெரிய காரியம் செய்யும் என்பதற்கு மை லாய் படுகொலை ஒன்று போதும். 1968 மார்ச் 16 அன்று அந்த வியட்நாம் கிராமத்துக்கு அமெரிக்கப் படையோடு போன ராணுவப் புகைப்படக்காரர் ரொனால்ட் ஹேபர்லி. ராணுவம் கொடுத்த கேமராவில் கறுப்பு வெள்ளைச் சுருள், தன் சொந்தக் கேமராவில் வண்ணச் சுருள். கறுப்பு வெள்ளையை ஒப்படைத்தார். அதில் இருந்தது வழக்கமான ராணுவ நடவடிக்கை. பாதையில் குவிந்து கிடந்த பெண்களும் குழந்தைகளும் வண்ணச் சுருளில் இருந்தார்கள். 1969 நவம்பர் 20 அன்று கிளீவ்லண்டின் பிளெயின் டீலர் நாளிதழ் அதை வெளியிட்டது. வியட்நாமின் கணக்கில் இறந்தவர்கள் 504 பேர். வீரர்கள் சுடுவதைக் காட்டிய சில படங்களைத் தானே அழித்துவிட்டதாகவும் ஹேபர்லி பின்னாளில் சொன்னார். அழித்ததைச் சொன்னதும் பதிவுதான். எந்தக் கேமராவில் எடுத்த படம் என்று அச்சிடாமல் இந்தப் படங்களை வெளியிட்டால் வாசகருக்குப் பாதிதான் போய்ச் சேரும்.

ஹிரோஷிமாவில் அணுகுண்டு விழுந்த 1945 ஆகஸ்ட் 6 அன்று அவ்வூர்ப் பத்திரிகைப் புகைப்படக்காரர் யோஷிதோ மட்சுஷிகே எடுத்தவற்றில் எஞ்சியவை ஐந்தே படங்கள். மியுகி பாலத்தருகே தீக்காயங்களோடு நின்ற பிள்ளைகளைப் பார்த்துப் பொத்தானை அழுத்த முடியாமல் வெகுநேரம் நின்றதையும், டிராம் வண்டிக்குள் கண்ட உடல்களைப் படம் எடுக்க மனம் வராததையும் அவர் முதுமைவரை சொல்லிவந்தார். இருட்டறை அழிந்துவிட்டதால் பிலிமை இரவில் வெட்டவெளியில் வைத்துக் கழுவி, ஓடை நீரில் அலசி, மரக்கிளையில் உலர்த்தினார். அதே போரில் ஐரோப்பாவில் அமெரிக்கக் காலாட்படை வீரராகச் சண்டையிட்டபடியே படம் எடுத்த டோனி வக்காரோ நான்கு இரும்புத் தொப்பிகளில் டெவலப்பர் (படத்தைத் தோன்றவைக்கும் திரவம்), தண்ணீர், ஹைப்போ (படத்தை நிலைக்கவைக்கும் திரவம்), மீண்டும் தண்ணீர் என்று ஊற்றி இருட்டில் கழுவியவர். 1945 ஜனவரியில் பெல்ஜியத்தில் பனியில் விழுந்து கிடந்த தன் தோழரை அவர் எடுத்த படம் புகழ்பெற்றது. அது யார், எந்த இடம் என்று அவருக்குத் தெரிந்திருந்ததால், பல ஆண்டுகள் கழித்துத் தேடி வந்த அந்த வீரரின் மகனிடம் சொல்ல முடிந்தது.

இன்றைய டிஜிட்டல் படத்தில் நேரமும், பல கருவிகளில் இடமும் தானாகவே பதிவாகின்றன. சமூக ஊடகங்களில் நாலு கை மாறுவதற்குள் அவை உதிர்ந்துவிடுகின்றன. நடக்கும் போரில் இடத்தைச் சொன்னால் படத்தில் இருப்பவர் உயிருக்கு ஆபத்து என்றால் மறைக்கத்தான் வேண்டும்; மறைத்திருக்கிறோம் என்று ஒரு வரி போடுங்கள். பழைய போர்களுக்கு அந்தக் காரணம் கிடையாது.

அடுத்த ஞாயிறு, அந்த இரண்டு பக்கங்களில் வந்த ஒவ்வொரு படத்துக்கும் எடுத்தவர் பெயர், நாள், இடம், தெரிந்தால் அவரே எழுதிய குறிப்பு ஆகியவற்றை வெளியிடும்படி கேட்டுக்கொள்கிறேன். ராணுவத்தில் இருந்தவர்கள் எடுத்த நெகட்டிவ்களை வீட்டில் வைத்திருக்கும் வாசகர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். உறையை மாற்றுவதற்கு முன் அதில் இருக்கும் எழுத்தை அப்படியே படியெடுங்கள். புதிய உறையில் பென்சிலால் எழுதுங்கள், அதுவும் பிலிமை உள்ளே வைப்பதற்கு முன்பே. எடுத்தவர் உயிரோடு இருந்தால் இந்த வாரமே பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு படத்திலும் நிற்பவர் யார் என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நெகட்டிவ் காப்பாளர், தங்கள் வாசகி