யாழினியை கோல்ஃபில் விடலாமா என்று கேட்ட மகளுக்கு

அன்பு மகள் கலைச்செல்விக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். மாப்பிள்ளையும் யாழினியும் சுகமாக இருக்கிறார்கள் என்று நம்புகிறேன். இங்கே ஊட்டியில் காலை நேரத்தில் உறைபனி பிடிக்க ஆரம்பித்துவிட்டது. அம்மாவுக்கு முழங்கால் வலி வழக்கம்போல. அதை உன்னிடம் சொல்லாதே என்று என்னை மிரட்டுவதும் வழக்கம்போல.

போனில் நீ கேட்டதற்கு நான் சரியாகப் பதில் சொல்லவில்லை என்று உனக்குக் கோபம். ஸ்பீக்கரில் போட்டுவிட்டுப் பாத்திரம் தேய்த்துக்கொண்டே கேட்டாய். பேத்தி பக்கத்தில் நின்று "தாத்தா, தாத்தா" என்று குதித்துக்கொண்டிருந்தாள். அவள் காதுபடப் பேசுகிற விஷயமா இது? அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

"இவளுக்குக் கை இருக்கு, புரொஃபஷனலாகவே வரலாம்" என்று கோச் சொன்னாராம். எட்டு வயசுப் பிள்ளையைப் பார்த்து, அதுவும் அடுத்த ஆறு மாசக் கட்டணத்தை மொத்தமாகக் கட்டச் சொன்ன அன்றைக்கே. சரி, அவர் பிழைப்பு அவருக்கு. அவர் சொன்னது பொய்யாகத்தான் இருக்கும் என்றும் நான் சொல்ல மாட்டேன்.

இதில் பிழைக்க முடியுமா என்று கேட்டாய். முடியும். அது எந்த மாதிரிப் பிழைப்பு என்று முதலில் தெரிந்துகொள். அதற்கு அமெரிக்கா வரைக்கும் போக வேண்டாம், நீ குடியிருக்கிற பெங்களூருப் பெண்ணையே சொல்கிறேன். அதிதி அசோக்.

1998 மார்ச்சில் பிறந்தவள். வீட்டில் யாரும் கோல்ஃப் ஆடினவர்கள் இல்லை. உங்கள் பழைய ஏர்போர்ட் ரோடு பக்கம் கர்நாடகா கோல்ஃப் அசோசியேஷன் மைதானம் இருக்கிறதே, அதன் ரேஞ்ச் (பந்தடித்துப் பழகுகிற இடம்) தெரிகிற ஹோட்டலுக்குக் குடும்பமாகக் காலை டிபனுக்குப் போவார்களாம். அங்கே உட்கார்ந்து பார்த்துப் பார்த்து, நாமும் அடித்துப் பார்க்கலாமே என்று இறங்கியதுதான். அப்போது அவளுக்கு ஐந்து வயசு சொச்சம். அப்பா அசோக்கும் கூடவே கற்றுக்கொண்டார். இதில் எனக்குப் பிடித்த இடம் அதுதான். பிள்ளையை உள்ளே அனுப்பிவிட்டு, காரில் உட்கார்ந்து போனைத் தேய்க்கிற அப்பாவாக அவர் இருக்கவில்லை.

பள்ளிக்கூடம் போகிற வயசிலேயே இந்தியாவில் தொழில்முறைப் போட்டியில் பெரியவர்களோடு ஆடி ஜெயித்தாள். 2015இல் பிரிட்டனில் பெண்களுக்கான அமெச்சூர் ஸ்ட்ரோக் பிளே பட்டம். அந்த டிசம்பரில் மொராக்கோவில் ஐரோப்பிய டூருக்கான (ஊர் ஊராக நடக்கிற தொழில்முறைப் போட்டித் தொடர்) தகுதிப் போட்டி. அதில் தேறுவதே பெரிய காரியம், இவள் முதலிடம் பிடித்தாள். 17 வயசு. 2016 ஜனவரி 1ஆம் தேதி தொழில்முறை ஆட்டக்காரி ஆனாள். பன்னிரண்டாம் வகுப்பை முடித்ததும் அதே வருஷம்தான். ஆகவே "கோல்ஃபா, படிப்பா" என்று நீயும் மாப்பிள்ளையும் இப்போதே மல்லுக்கட்ட வேண்டாம். அதற்கு இன்னும் பத்து வருஷம் கிடக்கிறது.

அந்த 2016 நவம்பரில் குர்கானில் நடந்த பெண்கள் இந்தியன் ஓப்பனை ஒரே ஒரு ஸ்ட்ரோக் (அடி) வித்தியாசத்தில் ஜெயித்தாள். ஐரோப்பிய டூர் போட்டி ஒன்றை இந்தியப் பெண் ஜெயித்தது அதுதான் முதல் தடவை. இரண்டு வாரம் கழித்து கத்தாரிலும் ஜெயித்தாள். அந்த வருஷத்தின் சிறந்த புதுமுகம் என்ற பட்டமும் வந்தது. அடுத்த வருஷம் அமெரிக்க டூர். அந்த டூரில் இவளுக்கு வெகுகாலம் முன்பே ஆடியவர் கொல்கத்தாவின் ஸ்மிருதி மெஹ்ரா. அவரை இப்போது யாருக்கு ஞாபகம்?

இது வரைக்கும் படித்தால் எல்லாம் மேலே மேலே போகிற மாதிரித் தெரியும். கோச்சும் இந்தப் பாதியைத்தான் சொல்வார்.

மறுபாதியை நான் சொல்கிறேன். நீ மாசக் கடைசியில் சம்பளம் வாங்குகிறவள். டூரில் சம்பளம் என்று ஒன்று கிடையாது. விமானம், ஓட்டல், நுழைவுக் கட்டணம், பை தூக்குகிற கேடியின் வாரக்கூலி எல்லாம் ஆட்டக்காரியின் கணக்கு. இரண்டு நாள் ஆடி முடித்ததும் 'கட்' போடுவார்கள். ஏறக்குறைய பாதிப் பேர் வெள்ளிக்கிழமை சாயங்காலமே மூட்டை கட்டிவிடுவார்கள், பெரும்பாலும் கையில் ஒரு பைசா இல்லாமல். ஆரம்பத்தில் பல பேருக்கு அப்பாவோ அம்மாவோ பை தூக்குவதில் பாசம் பாதி, சிக்கனம் பாதி. நானே பை தூக்கினவன்தானே, எனக்குத் தெரியும். 14 கிளப்பும் (பந்தடிக்கிற மட்டை) குடையும் தண்ணீரும் சேர்ந்தால், நம்மூர் மேட்டில் மூன்றாவது குழிக்குப் போவதற்குள் தோள்பட்டை பேச ஆரம்பித்துவிடும்.

ரியோ ஒலிம்பிக்கில் அவள் பையைத் தூக்கியது அப்பா. 18 வயசுப் பிள்ளை முதல் இரண்டு நாளும் 68, 68 அடி. கோல்ஃபில் குறைய அடித்தவர்தான் முந்துவார். நாடே திரும்பிப் பார்த்தது. மூன்றாம் நாள் 79, நாலாம் நாள் 76. கடைசியில் 41ஆம் இடம். அந்த மூன்றாம் நாள் பதினெட்டுக் குழியும் பக்கத்திலேயே நடந்த அப்பாவை நினைத்துப் பார். வாயைத் திறந்தாலும் தப்பு, திறக்காவிட்டாலும் தப்பு.

டோக்கியோவில் அம்மா மகேஸ்வரி தூக்கினார். 2021 ஆகஸ்ட், நல்ல வெயில், கசுமிகசெகி மைதானம். சில வாரங்களுக்கு முன்னால்தான் அவளுக்குக் கொரோனா வந்து போயிருந்தது, உடம்பில் தெம்பில்லை. உலகத் தரவரிசையில் 200ஆம் இடம். பதக்கம் என்ற பேச்சையே யாரும் எடுக்கவில்லை. முதல் நாள் 67, அடுத்து 66, அடுத்து 68. கடைசி நாள் காலையில் பார்த்தால் இரண்டாம் இடத்தில் தனியாக நிற்கிறாள், உலகின் முதல்நிலை ஆட்டக்காரி நெல்லி கோர்டாவோடு சேர்ந்து ஆடப் போகிறாள்.

அன்றைக்கு விடியற்காலை நானும் அம்மாவும் கம்பளியைப் போர்த்திக்கொண்டு டிவி முன்னால். அம்மாவுக்குப் போகியும் (குழிக்கு வைத்த கணக்குக்கு ஒரு அடி கூடுதல்) தெரியாது, பேர்டியும் (ஒரு அடி குறைச்சல்) தெரியாது. "அந்தப் பொண்ணு அடிச்சா ஏங்க இவ்வளவு பக்கத்துலயே விழுது?" என்று கேட்டாள். சரியான கேள்வி! நெல்லியின் டிரைவ் (முதல் நீள அடி) சில குழிகளில் நாற்பது ஐம்பது கெஜம் முன்னால் போய் விழும். ஆகவே அப்படிப்பட்ட குழிகளில் இரண்டாவது ஷாட்டை அதிதிதான் முதலில் அடிக்க வேண்டும். நெல்லி சின்ன அயர்னை எடுக்கிற இடத்தில் இவள் நீளக் கிளப்பை எடுக்க வேண்டும். அந்தக் கிளப்பில் அடித்த பந்து கிரீனில் (குழியைச் சுற்றின வழவழப்பான புல்தரை) விழுந்தாலும் சட்டென்று நிற்காது, ஓடும். அப்படி ஓடிப்போய் எங்கே நின்றாலும், அங்கிருந்து பட்டரால் (பந்தைக் குழிக்குள் உருட்டுகிற கிளப்) சரிக்கட்டினாள். அந்த வாரம் பட்டிங்கில் அவளை அடித்துக்கொள்ள அங்கே ஆளில்லை.

கடைசிக் குழியில் நீளமான ஒரு பேர்டி பட் மிச்சம். உள்ளே போனால் ஜப்பானின் மோனே இனாமி, நியூசிலாந்தின் லிடியா கோ இரண்டு பேரோடும் பதக்கத்துக்காக மறுபடி ஆட்டம், பிளேஆஃப். நான் மைதானத்தில் வேலை பார்த்த காலமெல்லாம் விடிந்தும் விடியாமலும் குழி வெட்டியவன். கட்டரை அழுத்தித் திருகி, மண்ணும் புல்லுமாகத் தூக்கி, அதையே பழைய குழியில் வைத்துத் தட்டி, தண்ணீர் தெளிக்க வேண்டும். ஒரு மயிரளவு மேடாக நின்றாலும் அன்று அந்த வழியாக வருகிற பந்தெல்லாம் துள்ளும். குழியின் வாய் 4.25 அங்குலம். ஊட்டியானாலும் ஒலிம்பிக்கானாலும் அதே அளவு. அவள் பட் கிளம்பியதும் நான் எழுந்து நின்றுவிட்டேன். பந்து குழியை ஒட்டிப் போயிற்று, விழவில்லை. நாலு நாளும் சேர்த்து 269. இனாமிக்கும் கோவுக்கும் 268. நெல்லிக்கு 267, தங்கம்.

நாலாம் இடத்துக்குப் பதக்கம் கிடையாது. ஒலிம்பிக்கில் பரிசுப் பணமும் இல்லை. வேறு போட்டியென்றால் நாலாம் இடம் சந்தோஷம்தான், இங்கே அப்படி இல்லை என்று அவளே வெளிப்படையாகச் சொன்னாள். அன்று சாயங்காலம் நீரஜ் சோப்ரா ஈட்டியில் தங்கம் எறிந்தான். காலையில் கோல்ஃப் விதிகளைப் பற்றி வாட்ஸப்பில் பாடம் நடத்தியவர்கள் எல்லாரும் ராத்திரிக்குள் ஈட்டி நிபுணர்கள் ஆகிவிட்டார்கள்.

ஆனால் டோக்கியோகூடப் பெரிதில்லை. நீ தெரிந்துகொள்ள வேண்டியது 2023. அந்த ஒரே வருஷத்தில் என்னவெல்லாம் நடந்தது பார். பிப்ரவரியில் கென்யாவில் ஒன்பது ஸ்ட்ரோக் வித்தியாசத்தில் வெற்றி. ஏப்ரலில் லாஸ் ஏஞ்சலஸில் பிளேஆஃப் வரை போய், ஆஸ்திரேலியாவின் ஹன்னா கிரீனிடம் தோல்வி. அக்டோபர் முதல் தேதி முடிந்த ஹாங்சோ ஆசிய விளையாட்டில் மூன்றாம் நாள் 61 அடித்தாள். 61 என்றால் நம் கிளப்பில் வயசான மெம்பர்கள் பதினொரு குழிக்குச் செலவழிப்பது. ஏழு ஸ்ட்ரோக் முன்னிலையோடு படுக்கப் போனாள். மறுநாள் 77. தங்கம் தாய்லாந்துப் பெண்ணுக்குப் போய்விட்டது, இவளுக்கு வெள்ளி. ஆசிய விளையாட்டு கோல்ஃபில் இந்தியப் பெண் வாங்கிய முதல் பதக்கம் அது. ஆனால் பதக்கத்தைக் கழுத்தில் மாட்டிக்கொள்ளும்போது அவள் முகத்தைப் பார்த்திருந்தால் உனக்குத் தெரிந்திருக்கும். அடுத்த மாசம் ஸ்பெயினில் மறுபடியும் வெற்றி.

61க்கும் 77க்கும் நடுவில் ஒரே ஒரு ராத்திரி. ஆள் அதே ஆள், கை அதே கை. ஏன் என்று கேட்டால் யாராலும் முழுசாகச் சொல்ல முடியாது. நீ கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்கினவள். உழைத்தால் மார்க் வரும் என்று பழகின ஆள். யாழினி ஒரு நாள் இப்படி வந்து நின்றால், "நேத்து நல்லாத்தானே ஆடினே, இன்னிக்கு என்ன ஆச்சு?" என்று கேட்காமல் சோறு போட உன்னால் முடியுமா? கோச்சிடம் கேட்பதை விட்டுவிட்டு இதை உன்னிடமே கேட்டுக்கொள்.

இன்னொரு விஷயம். பெண்கள் டூரில் பல பேருக்குக் கேடி பின்னால் நேர்க்கோட்டில் நின்று, "இன்னும் கொஞ்சம் இடது, சரி, அடி" என்று திசை பார்த்துக் கொடுப்பது ரொம்ப காலம் நடந்தது. 2019இல் விதியை மாற்றிவிட்டார்கள். ஆட்டக்காரி அடிக்க நிலை எடுக்கத் தொடங்கினால் கேடி அந்தக் கோட்டில் நிற்கக்கூடாது. தூரம் சொல்லலாம், காற்று எந்தப் பக்கம் என்று சொல்லலாம், துண்டு கொடுக்கலாம். அப்புறம் விலகிக்கொள்ள வேண்டும். நீ போன வாரம் அனுப்பிய வீடியோவைப் பார்த்தேன். பிள்ளை பட் அடிக்கக் குனிகிறாள், பின்னாலிருந்து "ஸ்ட்ரெய்ட்டா, ஸ்ட்ரெய்ட்டா" என்று மாப்பிள்ளை குரல். அவரிடம் நான் சொன்னேன் என்று சொல்லாதே, பக்குவமாக நீயே சொல்லிவிடு.

காசில்லாத வீட்டிலிருந்து யாரும் வரவில்லையா என்றால் வந்திருக்கிறார்கள். உங்கள் பெங்களூரில் கேடியாக இருந்த முனியப்பா 2009இல் ஆண்கள் இந்தியன் ஓப்பனையே ஜெயித்தான். அந்த வாரம் எங்கள் கேடி ஷெட்டில் தீபாவளி. ஆனால் பெண் பிள்ளைகளில் அப்படி வருவது அரிது. கேடி வேலைக்கே பெண்ணை விடாதபோது எங்கிருந்து வரும்? தீக்ஷா டாகர் வேறு கதை. காது கேளாத பிள்ளை, இடது கை ஆட்டக்காரி. அவளுக்கு ராணுவத்தில் இருந்த அப்பாவே கோச்சும் கேடியும். 2019இல் தென்னாப்பிரிக்காவில் ஜெயித்தாள். நீங்கள் இரண்டு பேரும் வேலையில் இருக்கிறீர்கள், பிள்ளைக்குச் செலவழிக்க முடியும். செலவழியுங்கள். ஆனால் "அவளுக்காக நான் வேலையை விட்டுடலாமான்னு பார்க்கிறேன்" என்று ஒரு வார்த்தை சொன்னாயே, அது இப்போது வேண்டவே வேண்டாம். எட்டு வயசுத் தலையில் உன் சம்பளத்தைத் தூக்கி வைக்காதே.

அடுத்த ஆறு மாசத்துக்கு வகுப்பில் விடு. மொத்தமாகக் கட்டாதே, மாசா மாசம் கட்டு. வாரத்தில் ஒரு நாள் மைதானத்துக்குக் கூட்டிக்கொண்டு போய் ஒன்றும் சொல்லாமல் விட்டுப் பார். டிரைவர் என்கிற பெரிய கிளப்பை எடுத்து டமார் டமார் என்று அடிப்பது எல்லாப் பிள்ளைக்கும் பிடிக்கும், அதில் ஒன்றும் தெரியாது. யாரும் பார்க்காதபோது பட்டிங் கிரீனுக்குத் தானாகப் போகிறாளா, போனால் எவ்வளவு நேரம் நிற்கிறாள் என்று மட்டும் பார்த்து எனக்குச் சொல்.

பொங்கலுக்கு வரும்போது அவள் பட்டரைக் கொண்டு வா. வீடியோவில் பார்த்தால் அது அவள் உயரத்துக்கு ரொம்ப நீளம், முழங்கை மடங்கி நிற்கிறது. ஷெட்டில் பழைய சினேகிதன் ஒருவன் இருக்கிறான், அறுத்து, புது கிரிப் போட்டுக் கொடுப்பான். கடையில் புதுசு வாங்கிவிடாதே. அவளை வெயில் ஏறின பிறகுதான் கிரீனுக்குக் கூட்டிப் போவேன். உறைபனியில் புல்லை மிதித்தால் மத்தியானத்துக்குள் கால் தடம் கருகிப்போகும், இப்போதிருக்கிற மாலி என்னைத் திட்டுவான்.

காரில் வருவதாக இருந்தால் சீக்கிரம் கிளம்புங்கள். பந்திப்பூரில் ராத்திரி 9 மணிக்கு ரோட்டை மூடிவிடுவார்கள், போன தடவை மாதிரி குண்டல்பேட்டையில் மாட்டிக்கொள்ள வேண்டாம். அம்மா உனக்கு வர்க்கி வாங்கி வைக்கச் சொல்லியிருக்கிறாள்.

அன்புடன்,
அப்பா