அறையை மாற்ற வேண்டாம், தம்பி

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுகிறேன். அப்பாவும் நானும் நலம். நீ அனுப்பிய குரல் பதிவைக் கேட்டேன். போனில் பேசினால் பாதியிலேயே டூட்டிக்கு நேரமாச்சு என்று வைத்துவிடுவாய். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

நீ சொன்னதிலிருந்து எனக்குப் புரிந்தது இதுதான். உன் அறையில் இருக்கும் கீழக்கரை முஸ்லிம் பையன் ஏதோ ஒரு விவாத வீடியோவைச் சத்தமாக வைத்துக் கேட்டிருக்கிறான். அதில் பேசியவர், நாம் மூன்று சாமி கும்பிடுகிறோம் என்று கேலி செய்திருக்கிறார். உனக்குக் கோபம் வந்து, அவர்களுடைய நபியை மட்டமாகப் பேசுகிற வேறொரு வீடியோவை அவனுக்கு அனுப்பிவிட்டாய். இப்போது அபுதாபி கேம்ப்பில் ஒரே அறையில் இருந்துகொண்டு இருவருக்கும் பேச்சுவார்த்தை இல்லை. கேம்ப் பாஸிடம் சொல்லி வேறு அறை கேட்கட்டுமா என்கிறாய். கடைசியில் ஒன்று கேட்டாயே, "சமாதானமாப் போகணும்னா நம்ம விசுவாசத்தை விட்டுக்கொடுக்கணுமாம்மா?" என்று, அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லத்தான் இந்தக் கடிதம். விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை. ஆனால் அறையையும் மாற்றாதே.

உங்கள் இருவருக்கும் நடந்தது, பெரிய அளவில் உலகத்துக்கே நடந்திருக்கிறது. 2006 செப்டம்பரில் நம் திருத்தந்தை பதினாறாம் பெனடிக்ட், ஜெர்மனியில் ரேகன்ஸ்பூர்க் பல்கலைக்கழகத்தில் பேசினார். விசுவாசத்தையும் பகுத்தறிவையும் பற்றிய உரை அது. நடுவில், பழைய பைசாந்தியப் பேரரசர் ஒருவர் முகமது நபியைப் பற்றிக் கடுமையாகச் சொன்ன வரியை எடுத்துக்காட்டினார். அது என் கருத்து இல்லை என்று பிறகு அவரே விளக்கினார், மக்கள் மனம் புண்பட்டதற்கு வருத்தமும் தெரிவித்தார். அதற்குள் பல நாடுகளில் ஆர்ப்பாட்டம் வெடித்துவிட்டது. பாலஸ்தீனப் பகுதிகளில் கிறிஸ்தவக் கோவில்கள் தாக்கப்பட்டன. அதே நாட்களில் சோமாலியாவின் மொகதிஷுவில், மருத்துவமனையில் சேவை செய்துவந்த இத்தாலியக் கன்னியாஸ்திரி லியோனெல்லா ஸ்கொர்பாத்தியைச் சுட்டுக் கொன்றார்கள். அவருக்குக் காவலாகப் போன முஸ்லிமும் அவரோடு சேர்ந்து உயிரைவிட்டார். அந்தக் காவலாளியை நான் ஜெபத்தில் நினைத்துக்கொள்வதுண்டு.

இதற்கு முஸ்லிம் அறிஞர்கள் என்ன செய்தார்கள் என்று பார். அடுத்த மாதமே 38 பேர் சேர்ந்து, உரையில் எது எது தவறு என்று மரியாதையாக ஒரு திறந்த மடல் எழுதினார்கள். ஒரு வருஷம் கழித்து, 2007 அக்டோபர் 13ஆம் தேதி, 138 பேர் கையெழுத்திட்டு எல்லாக் கிறிஸ்தவ சபைத் தலைவர்களுக்கும் இன்னொரு கடிதம். சன்னி, ஷியா என்று எல்லாப் பிரிவினரும் அதில் இருந்தார்கள். 'எங்களுக்கும் உங்களுக்கும் பொதுவான ஒரு சொல்லுக்கு வாருங்கள்' என்கிற குர்ஆன் வசனத்திலிருந்துதான் தலைப்பையே எடுத்திருந்தார்கள். இறைவனை நேசி, அயலானை நேசி என்று உங்கள் வேதமும் சொல்கிறது, எங்கள் வேதமும் சொல்கிறது, அங்கிருந்து பேசுவோம் என்பதுதான் சாரம். மாற்கு நற்செய்தியின் வசனத்தை அவர்கள் மதிப்போடு எடுத்து எழுதியிருந்தார்கள், தம்பி. 2008 நவம்பரில் இரு தரப்பும் ரோமில் உட்கார்ந்து பேசினார்கள். ஒரு வருத்தத்துக்குப் பதிலாக இன்னொரு வருத்தத்தை அனுப்பாமல் இப்படியும் பதில் எழுத முடியும் என்று காட்டியவர்கள் அவர்கள். அதற்கு நாம் நன்றி சொல்லணும்.

அதெல்லாம் பெரிய அறிஞர்கள் விஷயம், கேம்ப் அறையில் கட்டிலுக்குக் கட்டில் இரண்டடி தூரத்தில் இருப்பவன் கதை வேறு என்று நீ சொல்வாய். சரி, அப்படியானால் கடூனா கதையைக் கேள்.

நைஜீரியாவில் கடூனா மாநிலத்தில் கிறிஸ்தவர்களும் முஸ்லிம்களும் கலந்து வாழ்கிறார்கள். 1992இல் சங்கோன் கத்தாஃப் என்ற ஊரில் சந்தையை இடம் மாற்றுவதில் தொடங்கிய தகராறு பெரும் கலவரமாகி, கடூனா நகரம்வரை பரவியது. ஜேம்ஸ் வூயே பெந்தெகொஸ்து பாஸ்டர், அப்போது கிறிஸ்தவ இளைஞர் படையில் முன்னால் நின்றவர். முகமது அஷாஃபா ஒரு இமாம், எதிர்ப்பக்கத்து இளைஞர்களைத் திரட்டியவர். அந்தச் சண்டையில் வூயேயின் வலது கையை வெட்டிவிட்டார்கள். அஷாஃபா, தன்னை வளர்த்த குருவையும் உறவுக்காரச் சகோதரர்கள் இரண்டு பேரையும் பறிகொடுத்தார். அதற்கப்புறம் வருஷக்கணக்காக ஒருவரை ஒருவர் பழிவாங்க நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

1995இல் குழந்தைகளுக்குத் தடுப்பூசி போடுவது சம்பந்தமான ஒரு கூட்டம். இருவரும் வந்திருந்தார்கள். இருவரையும் தெரிந்த பத்திரிகையாளர் ஒருவர் இரண்டு பேர் கையையும் பிடித்துச் சேர்த்து வைத்து, நீங்கள் நினைத்தால் இந்த ஊர் அமைதியாகும் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். இமாமின் மனசு அதற்கு முன்பே கொஞ்சம் அசைந்திருந்தது. தாயிஃப் நகரத்தார் கல்லால் அடித்து விரட்டியபோதும் நபிகள் அவர்களைத் தண்டிக்கச் சம்மதிக்கவில்லை என்று ஒரு வெள்ளிக்கிழமைப் பிரசங்கத்தில் கேட்டிருக்கிறார். அது அவரைத் தூங்கவிடவில்லை. பாஸ்டரின் தாயார் நோயில் கிடந்தபோது இமாம் பார்க்கப் போனார். பாஸ்டருக்குச் சந்தேகம் தீரவில்லை.

ஒரு கூட்டத்துக்குப் போன இடத்தில் இருவரையும் ஒரே அறையில் தங்க வைத்தார்கள். இமாம் பக்கத்துக் கட்டிலில் நிம்மதியாகத் தூங்குகிறார். தலையணையை எடுத்து முகத்தில் அமுக்கிக் கொன்றுவிடலாமா என்று தனக்குத் தோன்றியதைப் பின்னாளில் பாஸ்டரே ஒளிவுமறைவில்லாமல் சொல்லியிருக்கிறார். போன கைக்கு ஒரு கணக்குத் தீர்க்க வேண்டும் என்ற வெறி. இமாமுக்கு இது ஒன்றும் தெரியாது, அல்லது தெரிந்தும் தூங்கினார். எனக்கு அந்தத் தூக்கம்தான் ஆச்சரியம். பாஸ்டர் தலையணையைத் தொடவில்லை. நாள் போகப் போகத்தான் அந்த வெறுப்பு கரைந்தது. ஒரே நாளில் மனம் மாறியதாக அவர் எங்கும் பெருமை பேசவில்லை, அதனாலேயே நான் அவரை நம்புகிறேன்.

இருவரும் சேர்ந்து கடூனாவில் ஒரு சமரச மையம் தொடங்கினார்கள். 2002 ஆகஸ்டில் இரு மதத் தலைவர்களும் கையெழுத்திட்ட சமாதான அறிக்கை வந்தது. அதே ஆண்டு நவம்பரில் உலக அழகிப் போட்டியை ஒட்டி மறுபடியும் கலவரம், 200 பேருக்கு மேல் செத்தார்கள். இவர்கள் கடையை மூடிவிட்டுப் போகவில்லை. 2004இல் யெல்வா என்ற ஊரில் பயங்கரப் படுகொலை நடந்த பிறகு அங்கே போய், இரு தரப்பையும் எதிரெதிரே உட்கார வைத்து, ஒருவர் பைபிளிலிருந்தும் ஒருவர் குர்ஆனிலிருந்தும் எடுத்துப் பேசினார்கள்.

இப்போது உன் கேள்விக்கு வருகிறேன். இந்த இருவரும் விசுவாசத்தில் தளர்ந்தவர்கள் இல்லை. இமாம் இயேசுவிடம் வந்தால் பாஸ்டருக்குச் சந்தோஷம். பாஸ்டர் இஸ்லாத்துக்கு வந்தால் இமாமுக்குச் சந்தோஷம். இதை மேடையிலேயே சொல்வார்கள். மறைத்துப் பேசாததால்தான் அவர்களுக்குள் பயமில்லை.

நமக்கும் அவர்களுக்கும் இடையில் உள்ள வித்தியாசம் சின்னதில்லை. ஈசா நபி, அதாவது இயேசு, சிலுவையில் அறையப்படவில்லை என்று குர்ஆன் நான்காம் அத்தியாயம் சொல்கிறது. நமக்கோ சிலுவை இல்லாமல் எதுவும் இல்லை. அவர்கள் இறைவனுக்கு மகன் என்பதை ஏற்பதில்லை. நாம் ஒவ்வொரு தடவை சிலுவை அடையாளம் போடும்போதும் அந்தப் பெயரைச் சொல்கிறோம். இதைப் பூசி மெழுகி 'எல்லாம் ஒன்றுதான்' என்று நீ பேசினால், அவன் உன்னை நம்பமாட்டான். திருச்சபையின் ஆயர்கள் எல்லாம் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கமும் அப்படிச் சொல்லவில்லை. 1965 அக்டோபர் 28இல் வெளியிட்ட ஏட்டில், முஸ்லிம்களைத் திருச்சபை மதிப்போடு பார்க்கிறது, அவர்கள் ஒரே கடவுளை வணங்குகிறார்கள் என்று சொன்னது. இயேசுவைக் கடவுளாக அவர்கள் ஏற்கவில்லை என்பதையும் அங்கேயே எழுதியது. பழைய பகைகளை மறந்து, ஒருவரை ஒருவர் புரிந்துகொள்ள உண்மையாக முயலுங்கள் என்று இரு தரப்பையும் கேட்டுக்கொண்டது. எங்கள் அன்பியக் கூட்டத்தில் அந்தப் பகுதியை வாசித்தபோது பலருக்கு ஆச்சரியம், இப்படியெல்லாம் இருக்கிறதா என்று.

நம் ஊரை எடுத்துக்கொள். ஒரு பக்கம் நாகூர், ஒரு பக்கம் வேளாங்கண்ணி. மாதா கொடியேற்றத்துக்கு முக்காடு போட்ட பெண்கள் மெழுகுவத்தியோடு வரிசையில் நிற்பதை நீ சின்ன வயதிலிருந்து பார்த்திருக்கிறாய். நம் சனங்கள் கந்தூரிக்குப் போவார்கள். கிறிஸ்துமஸுக்குக் கேக், பெருநாளுக்குப் பிரியாணி என்று வீட்டுக்கு வீடு போகும். நல்ல பழக்கம், விட்டுவிடக் கூடாது. ஆனால் அதோடு நிறுத்திக்கொள்கிறோம். நீங்கள் நோன்பில் என்ன நினைத்து ஜெபிக்கிறீர்கள், மர்யமைப் பற்றி உங்கள் வேதம் என்ன சொல்கிறது என்று யாரும் யாரையும் கேட்பதில்லை. கேட்காததால் வீடியோக்காரன் சொல்வது உள்ளே நுழைகிறது. அவன் மார்க்கத்தை அவன் வாயால் கேள், தம்பி. உன்னுடையதை உன் வாயால் சொல். மூவொரு கடவுள் என்றால் என்ன என்று அவன் உண்மையிலேயே கேட்டால், பதில் சொல்ல நீயும் கொஞ்சம் மறைக்கல்விப் புத்தகத்தைத் திறக்க வேண்டியிருக்கும். அதுவும் நல்லதுதான்.

அதற்கு நீ இருக்கும் அபுதாபியைவிடத் தோதான இடம் ஏது? நீ பூசைக்குப் போகிற சூசையப்பர் கோவில் பக்கத்திலேயே ஒரு பள்ளிவாசல் இருக்கிறதே, 2017இல் அதற்கு 'மர்யம் உம்மு ஈசா' என்று பெயர் மாற்றினார்கள், இயேசுவின் தாய் மரியா என்று அர்த்தம். குர்ஆனில் பேர் சொல்லிக் குறிப்பிடப்படும் ஒரே பெண் நம் மாதாதான். 19ஆம் அத்தியாயமே அவர் பெயரில் இருக்கிறது. பேரீச்ச மரத்தடியில் பிரசவ வேதனையில் அவர் தவிப்பதும், மரத்தை உலுக்கினால் பழம் விழும் என்று ஆறுதல் குரல் வருவதும் அதில் வரும். நம் நற்செய்தியில் அந்தக் காட்சி இல்லை. கீழக்கரைப் பையனிடம் அதை ஓதிக் காட்டச் சொல். நீ லூக்கா முதல் அத்தியாயத்தை வாசித்துக் காட்டு.

2019 பிப்ரவரி 4இல் உன் அபுதாபியில்தான் திருத்தந்தை பிரான்சிஸும் எகிப்தின் அல்-அஸ்ஹர் இஸ்லாமியக் கல்வி நிலையத்தின் தலைமை இமாம் அகமது அல்-தய்யிபும் மனித சகோதரத்துவ ஏட்டில் கையெழுத்திட்டார்கள். மறுநாள் விளையாட்டு மைதானத்தில் பூசை. சாதியாத் தீவில் கோவில், பள்ளிவாசல், யூதர்களின் ஜெபக்கூடம் மூன்றும் ஒரே வளாகத்தில் இருக்கின்றன, 2023இல் திறந்தது. இன்னும் போகவில்லை என்றாய்.

கையெழுத்தானதும் எல்லாம் சரியாகிவிடவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். அடுத்த மாதமே நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச்சில் தொழுகைக்கு வந்த 51 பேரை ஒருவன் சுட்டுக் கொன்றான். ஏப்ரல் 21, ஈஸ்டர் அன்று, இலங்கையில் கொச்சிக்கடை அந்தோனியார் கோவிலிலும் கட்டுவாப்பிட்டி செபஸ்தியார் கோவிலிலும் மட்டக்களப்பு சீயோன் சபையிலும் குண்டு வெடித்தது. ஓட்டல்களில் இறந்தவர்களையும் சேர்த்து 250க்கு மேல். நம்மைப் போலத் தமிழில் ஜெபம் சொல்லிக்கொண்டிருந்தவர்கள் எத்தனை பேர். அன்று நான் வாய்விட்டு அழுதேன். ஆனால் கர்தினால் மால்கம் ரஞ்சித், முஸ்லிம்கள்மேல் கை வைக்காதீர்கள் என்று சொல்லிக்கொண்டே இருந்தார். இலங்கை உலமா சபை, குண்டு வைத்தவர்களின் உடல்களை ஏற்று அடக்கம் செய்ய மாட்டோம் என்றது. அப்படியும் மே மாதத்தில் பள்ளிவாசல்களையும் கடைகளையும் கும்பல்கள் தாக்கின. தலைவர்கள் சொன்னால் மட்டும் போதாது என்பதற்காகத்தான் உன் அறையைப் பற்றி இவ்வளவு எழுதுகிறேன்.

அவன் ஐந்து வேளை தொழுவதைப் பார்த்தால் எரிச்சலாக வருகிறது என்றாயே, அது எனக்குப் பிடிக்கவில்லை. அல்ஜீரியாவின் திபிரின் மடத்தில் வாழ்ந்து, 1996இல் கொல்லப்பட்ட துறவி கிறிஸ்தியான் தெ ஷெர்ஜே, இளவயதில் அங்கே பிரெஞ்சு ராணுவ அதிகாரியாக இருந்தார். முகமது என்ற காவலாளி அவருக்கு நண்பர். 1959இல் ஒரு மோதலில் முகமது குறுக்கே நின்று இவர் உயிரைக் காப்பாற்றினார். அதற்காக அவரையே கொன்றுவிட்டார்கள். இறப்பதற்கு முன் முகமது, நீ எனக்காக ஜெபிப்பாய், தெரியும், ஆனால் கிறிஸ்தவர்களுக்கு ஜெபிக்கவே தெரியவில்லையே என்று சொல்லியிருந்தார். இளைஞர் அதற்குக் கோபப்படவில்லை. துறவியாகி, ஜெபிப்பதையே வாழ்க்கையாக்கிக்கொண்டார். நீயும் காலையில் எழுந்து ஜெபமாலையில் பத்து மணிகளாவது சொல்லிப் பார். அவன் தொழும் நேரத்தில் போனில் பாட்டை நிறுத்து.

இந்தச் சில வருஷமாகத் தவக்காலமும் ரமலானும் கிட்டத்தட்டச் சேர்ந்தே வருகின்றன. அதற்கு முன்னால் பேசிவிடு. நீ அனுப்பிய வீடியோவுக்கு முதலில் நீ மன்னிப்புக் கேள், அவன் கேட்கட்டும் என்று காத்திருக்காதே. விடியுமுன் சாப்பிடும் சஹருக்கு அவன் எழும்போது விளக்கைப் போட்டால் முணுமுணுக்காதே. மாலையில் அவன் நோன்பு திறக்கும்போது கூட உட்கார், நீயும் அன்று ஒருசந்தி உபவாசம் இருந்திருந்தால் இன்னும் நல்லது.

அப்பா உன் பார்சலில் மிக்ஸரும் பருப்புப்பொடியும் வைத்திருக்கிறார். இரண்டு பேருக்கும் சேர்த்துத்தான். கீழக்கரையில் அவன் அம்மா தனியாக இருக்கிறார்கள் என்று முன்பு சொன்னாய். அவர்களுடைய போன் நம்பரைக் கேட்டு அனுப்பு. நான் பேசணும்.

அன்புடன்,
அம்மா