பேட்ஜ் இல்லை என்ற ஒரு வரி

மதுரை

அன்புள்ள நண்பனுக்கு,

நீ அனுப்பிய உறை கிடைத்தது. சைக்கிளில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்த உன் தங்கை கணவர் மீது ‘குட்டி யானை’ சரக்கு வண்டி மோதி அவர் இறந்துபோன செய்தியை நீ தொலைபேசியில் சொன்ன அன்று எனக்குப் பேச்சே வரவில்லை. கடிதத்திலாவது ஆறுதலாக நாலு வார்த்தை எழுதலாம் என்று உட்கார்ந்தால், வக்கீல் புத்தி முதலில் காகிதங்களைத்தான் பிரித்துப் பார்க்கிறது. பொறுத்துக்கொள்.

தங்கை போட்ட நஷ்டஈட்டு வழக்கில், ஓட்டுநருக்குப் பேட்ஜ், அதாவது சரக்கு வாகனம் ஓட்டுவதற்கான தனி ஒப்புதல், இல்லாததால் தாங்கள் பொறுப்பல்ல என்று இன்சூரன்ஸ் கம்பெனி கவுண்டர் (பதில் மனு) போட்டிருக்கிறது. சமரசமாக வழக்கை முடிக்கும் லோக் அதாலத்தில் பத்து லட்சத்துக்கு முடித்துக்கொள்ளும்படி சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். தங்கை கையெழுத்துப் போடலாமா என்பதுதான் உன் கேள்வி. போட வேண்டாம்.

நீ வைத்திருந்த பாலிசி ஜெராக்ஸைக் கண்ணாடி போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தேன். மூலையில் மை அப்பியிருந்தாலும் தேதி தெளிவாகத் தெரிகிறது. விபத்து நடந்த நாள் பாலிசிக் காலத்துக்குள்தான் வருகிறது, வண்டியால் பாதிக்கப்படும் வெளியாட்களுக்கான தேர்ட் பார்ட்டி பிரீமியமும் கட்டப்பட்டிருக்கிறது. ஓட்டுநர் உரிமத்தில் எல்.எம்.வி. (இலகுரக மோட்டார் வாகனம்) என்று மட்டும் இருக்கிறது, சரக்கு வாகனத்துக்கான தனி ஒப்புதல் இல்லை. இந்த ஓட்டையைத்தான் அவர்கள் பிடித்துக்கொண்டு தொங்குகிறார்கள்.

ஆனால் அந்த ஓட்டை அடைபட்டுவிட்டது. மொத்த எடை 7500 கிலோவைத் தாண்டாத சரக்கு வாகனத்தை எல்.எம்.வி. உரிமம் உள்ளவர் தனி ஒப்புதல் இல்லாமலே ஓட்டலாம் என்று முகுந்த் தேவாங்கன் வழக்கில் 2017இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. இன்சூரன்ஸ் கம்பெனிகள் விடவில்லை; கேள்வி அரசியல் சாசன அமர்வு வரைக்கும் போய், 2024 நவம்பர் 6ஆம் தேதி ரம்பா தேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அதையே உறுதிசெய்தார்கள். குட்டி யானை ஏற்றிய பாரத்தோடு சேர்த்தும் 7500 கிலோவை நெருங்கவே நெருங்காது. அப்படியிருந்தும் பழைய கவுண்டரில் பெயரை மட்டும் மாற்றி அதே வரியைத் தட்டச்சு செய்து கொடுக்கிறார்கள். பயந்துபோய்க் கையெழுத்துப் போடுகிறவர்கள் பத்துக்கு இரண்டு பேராவது இருப்பார்கள் என்ற நம்பிக்கையாகத்தான் இருக்க வேண்டும்.

ஒருவேளை அந்த ஓட்டுநரிடம் உரிமமே இல்லாமல் இருந்திருந்தாலும் தங்கையை வெறுங்கையோடு அனுப்பிவிட முடியாது. 2004இல் வந்த உச்ச நீதிமன்றத்தின் ஸ்வரன் சிங் தீர்ப்பின்படி, உரிமம் இல்லை என்று காட்டினால் மட்டும் போதாது. உரிமையாளர் தெரிந்தோ கவனமின்றியோ அவரிடம் வண்டியைக் கொடுத்தார் என்பதையும் கம்பெனிதான் நிரூபிக்க வேண்டும். நிரூபித்த பிறகும், முதலில் பாதிக்கப்பட்டவருக்குக் கொடுத்துவிட்டுப் பின்னர் உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்றே பெரும்பாலும் உத்தரவாகும். அவர்கள் இருவருக்கும் இடையிலான சண்டையைத் தீர்த்துவைப்பது இறந்தவரின் மனைவி வேலையல்ல.

எல்லா வழக்கிலும் இப்படி வந்துவிடும் என்று நினைத்துக்கொள்ளாதே. காதுகுத்துக்குப் போனவர்களைச் சரக்கு வண்டியில் ஏற்றிச் சென்று கவிழ்ந்த ஒரு வழக்கை நான் நடத்தினேன். மோட்டார் வாகனச் சட்டத்தின் 1994 திருத்தத்துக்குப் பிறகு பொருளின் உரிமையாளரோ அவருடைய பிரதிநிதியோ சரக்கு வண்டியில் வந்தால் பாலிசி காக்கும். சும்மா ஏறி வந்தவர்களைக் காக்காது. கம்பெனி விடுவிக்கப்பட்டது. ஒற்றை வண்டியை வைத்துப் பிழைத்த உரிமையாளர் மீது மட்டும் தீர்ப்பு வந்தது. என் கட்சிக்காரர்களுக்குக் கடைசிவரை ஒரு பைசா கிடைக்கவில்லை. சாலையில் சைக்கிளில் போனவர் என்ற ஒரே காரணத்தால் உன் மைத்துனர் வழக்கு அதிலிருந்து முற்றிலும் வேறுபட்டது.

இனித் தொகை. நஷ்டஈட்டைக் கணக்கிட உச்ச நீதிமன்றம் வழிவகுத்த பிரணய் சேத்தி, சர்லா வர்மா தீர்ப்புகளின் கணக்கை அப்படியே போட்டுப் பார்த்தேன். வயது 38, கொத்தனார் வேலைக்கு மாத வருமானம் 15,000 ரூபாய் என்று குறைத்தே வைத்தாலும், எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்தால் 21,000 ஆகிறது. மனைவி, இரண்டு குழந்தைகள், தாய் என்று நம்பியிருப்போர் நான்கு பேர் என்பதால், அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கைக் கழிக்க 15,750. ஆண்டுக்கு 1,89,000, அந்த வயதுக்கு ஆண்டுத் தொகையைப் பெருக்க வேண்டிய எண் 15, ஆக 28,35,000 ரூபாய். ஈமச்சடங்குச் செலவு, நால்வருக்கும் உறவிழப்புக்கான தொகை ஆகியவற்றைச் சேர்த்தால் 30 லட்சத்தைத் தாண்டுகிறது. மனு போட்ட நாளிலிருந்து வட்டி வேறு. இதற்குத்தான் பத்து லட்சம் தருகிறேன் என்கிறார்கள்.

இந்தக் கணக்கு முழுவதும் அந்த 15,000 ரூபாயின் மேல்தான் நிற்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். சம்பளச் சீட்டு இல்லாதவருடைய வருமானத்தைத் தீர்ப்பாயம் தன் கணிப்பில் வைக்கும்; மாதம் ஆயிரம் குறைந்தால் மொத்தத்தில் ஏறக்குறைய 1,89,000 ரூபாய் போய்விடும். அவர் வேலை செய்த மேஸ்திரி சனிக்கிழமைதோறும் கூலி எழுதும் நோட்டு ஒன்று வைத்திருப்பார் அல்லவா, அது இன்னும் அவரிடம் இருக்கிறதா என்று விசாரி. இருந்தால், அடுத்த வாய்தாவுக்கு முன் நோட்டோடு அவரையும் அழைத்துக்கொண்டு வீட்டுக்கு வா.

அன்புடன்,
உன் பழைய அறைத் தோழன்