வருகைக் குறைவைத் தேர்வு நெருங்கும்போது சொல்லாதீர்கள்: இந்திய பார் கவுன்சிலுக்கு ஒரு திறந்த மடல்

இந்திய பார் கவுன்சிலின் மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சட்டக் கல்வி விதிகள், 2008இன் 12ஆவது விதியை உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. ஒரு பாடத்தில் தேர்வெழுத 70 விழுக்காடு வருகை வேண்டும் என்பதையும், தக்க காரணம் இருந்து அப்பாடத்தில் 65 விழுக்காடும் எல்லாப் பாடங்களிலும் சேர்த்து 70 விழுக்காடும் இருந்தால் கல்லூரி முதல்வர் அனுமதிக்கலாம் என்பதையும் வகுத்தவர்கள் நீங்களே. இந்த அளவைக் குறைக்கச் சொல்லி நான் எழுதவில்லை. வருகை குறைகிறது என்றால், அது குறையும்போதே மாணவருக்குச் சொல்ல வேண்டும் என்பது மட்டுமே என் கோரிக்கை.

என் மகள் மூன்றாமாண்டு சட்ட மாணவி. சென்ற பருவத்தில் மஞ்சள் காமாலையால் மூன்று வாரம் படுத்திருந்தாள். மருத்துவச் சான்றிதழை வாங்கி வைத்துக்கொண்ட கல்லூரி அலுவலகம் அதன்பின் எதுவும் சொல்லவில்லை. தேர்வுக்கு இரண்டு நாள் முன்பு அறிவிப்புப் பலகையில் ஒட்டிய, தேர்வெழுத அனுமதி இல்லாதவர்களின் பட்டியலில் அவள் பெயர் இருந்தது. அவள் தடுக்கப்பட்ட பாடத்தில் நடந்த வகுப்புகள் 60. அவள் வந்தவை 38. இன்னும் ஒன்றே ஒன்று வந்திருந்தால் 65 விழுக்காடு ஆகியிருக்கும். மொத்தக் கணக்கு ஏற்கெனவே 70ஐத் தாண்டியிருந்தது. காமாலை தெளிந்து கல்லூரிக்குத் திரும்பிய வாரத்தில், உடல் தாங்காமல் பிற்பகல் வகுப்பை விட்டுவிட்டு அவள் வீட்டுக்கு வந்த நாட்கள் உண்டு. “கணக்கு தெரிந்திருந்தால் பெஞ்சில் தலைசாய்த்தாவது உட்கார்ந்திருப்பேனே அப்பா” என்று அவள் கேட்டபோது என்னிடம் பதில் இல்லை.

அன்றிரவே உயர் நீதிமன்றத்தை நாடிப் பேருந்து ஏறினோம். அந்த நீதிமன்றத்தில் நேரடியாக முறையிட வழிசெய்யும் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆம் பிரிவைப் பாடமாகப் படித்த பெண், அதே பிரிவின் கீழ் மனுதாரராகக் கையெழுத்திட்டாள். மனு விசாரணைக்கு வந்தபோது தேர்வு முடிந்து இரண்டு மணி நேரம் ஆகியிருந்தது. நீதிமன்றத்தின் மீது எனக்குக் குறை இல்லை. இரண்டு நாள் அவகாசத்தில் வரும் வழக்கில் எந்த நீதிபதியால் என்ன செய்ய முடியும்?

வருகைக் குறைவால் தேர்வு எழுத முடியாத சட்ட மாணவர் ஒருவர் 2016இல் உயிரை மாய்த்துக்கொண்டதைத் தொடர்ந்து எழுந்த வழக்கில், தில்லி உயர் நீதிமன்றம் 2025 நவம்பர் 3 அன்று அளித்த தீர்ப்பு உங்கள் முன் இருக்கிறது. வருகைக் குறைவுக்காக எந்தச் சட்ட மாணவரையும் தேர்விலிருந்து தடுக்கக் கூடாது என்ற பகுதியில் உங்களுக்கு மாற்றுக் கருத்து இருக்கலாம். ஆனால் அதே தீர்ப்பு சொன்னபடி வாரந்தோறும் வருகைக் கணக்கை இணையவழி வெளியிடுவதிலும், குறைந்தால் மாதந்தோறும் பெற்றோருக்குத் தெரிவிப்பதிலும், ஈடுசெய்யக் கூடுதல் வகுப்பு நடத்துவதிலும் யாருக்கு என்ன இடையூறு?

இன்னொன்றையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அந்தப் பாடத்துக்கு ஆசிரியரே இல்லாமல் ஆறு வாரம் கழிந்தது. நடக்காத வகுப்பு கணக்கில் வராது என்கிறார்கள். ஆனால் நடந்த வகுப்புகள் குறையக் குறைய, நோயில் படுத்த ஒவ்வொரு நாளின் எடையும் கூடியது. மாணவர் வராத நாளைக் குறித்துவைக்கும் பதிவேட்டில் ஆசிரியர் இல்லாத நாளைக் குறிக்க இடமே இல்லை. அதைக் கேட்பாரும் இல்லை.

கோபத்தில் எழுதியது மிகையாகத் தோன்றினால் பொறுத்தருளுங்கள். மாதந்தோறும் எழுத்து மூலம் எச்சரிக்காத கல்லூரி, பருவ முடிவில் எந்த மாணவரின் ஹால் டிக்கெட்டையும் நிறுத்திவைக்கக் கூடாது என்ற ஒரே வரியை 12ஆவது விதியில் சேர்த்து, நாட்டின் எல்லாச் சட்டக் கல்லூரிகளுக்கும் அடுத்த பருவம் தொடங்கும் முன் அனுப்பிவைக்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு சட்ட மாணவியின் தந்தை