பாட்டிக்கு, பாரிஸிலிருந்து

அன்புள்ள பாட்டி,

நான் நலம். இங்கே குளிர் ஆரம்பித்துவிட்டது, நீங்கள் பின்னிக் கொடுத்த ஸ்வெட்டரைக் கழற்றுவதே இல்லை. வேலை கிடைத்துவிட்டது. பாரிஸை ஒட்டிய அல்ஃபோர்வில்லில் ஒரு தையல் கடை. இந்த ஊரில் நம் அர்மீனியர்கள் நிறைய. கடை முதலாளியும் நம்மவர்தான். பேன்ட் நீளம் குறைப்பது, ஜிப் மாற்றுவது, காஜா எடுப்பது என் வேலை. ஊசி குத்தாமலிருக்கத் தாத்தா விரலில் மாட்டுவாரே, அந்தப் பித்தளைத் தொப்பியைக் கொண்டுவந்திருக்கிறேன். எனக்குக் கொஞ்சம் பெரிசு. உள்ளே துணி வைத்து மாட்டிக்கொள்கிறேன்.

போன ஞாயிறு முதலாளி வீட்டில் ஒரு படம் பார்த்தேன். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன். சார்ல் அஸ்னவூர் நடித்த படம்! நமக்கு அவர் பாட்டுக்காரர். அர்மீனியாவில் 1988இல் வந்த பூகம்பத்துக்கு அப்புறம் நமக்காக ஓடியாடி உதவியவர், நம் ஊர் கியூம்ரியில் சிலையாக நிற்பவர். இவ்வளவு பெரிய நடிகர் என்று எனக்குத் தெரியவே தெரியாது, பாட்டி.

1982இல் ஷப்ரோல் என்ற பிரெஞ்சு இயக்குநர் எடுத்த படம். அதில் அவர் ஓர் அர்மீனியத் தையல்காரர். ஊரில் வயதான பெண்களைக் கொல்கிறவன் எதிரே தொப்பிக் கடை வைத்திருப்பவன்தான் என்று இவருக்குத் தெரிந்துவிடுகிறது. ஆனால் வாய் திறக்கப் பயம். பிழைக்க வந்தவன் சொல்லி யார் நம்பப்போகிறார்கள்? அந்தப் பயத்தை வசனமே இல்லாமல் முகத்திலேயே காட்டிவிடுகிறார். போன மாதம் விசா வரிசையில் நின்றபோது என் முகமும் அப்படித்தான் இருந்திருக்கும்.

அஸ்னவூருக்கு அந்தப் பயம் புதிதில்லை என்றார் முதலாளி. அமெரிக்க விசாவுக்காக அப்பா அம்மா பாரிஸில் காத்திருந்த நேரத்தில், 1924 மே 22இல் பிறந்தவர். சின்ன வயதிலேயே மேடை ஏறினார். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் ஜெர்மானியர்களை எதிர்த்துப் போராடி, அவர்களால் தேடப்பட்ட அர்மீனியர் மிசாக் மனூஷியானுக்கு அவர் வீட்டில்தான் அடைக்கலம். ஒளிந்து வாழ்வது எப்படியிருக்கும் என்று வீட்டுக்குள்ளேயே பார்த்தவர்.

ஆள் குள்ளம். குரலையும் ஒரு காலத்தில் கேலி செய்தார்கள். அவரைத்தான் 1960இல் த்ரூஃபோ என்ற பிரெஞ்சு இயக்குநர் தன் படத்தில் கதாநாயகனாகப் போட்டார். ஒரு மதுக்கடையில் பியானோ வாசிக்கிற ஆள், தன் நிஜப் பெயரை மறைத்து வாழ்கிறவன். அந்தப் பெயர் என்ன தெரியுமா? சரோயான்! நம் அர்மீனியப் பெயர்! மூலக்கதை அமெரிக்க நாவல், அதில் நம் பெயரே கிடையாது. அவருக்காகவே வைத்திருக்கிறார்கள். 2002இல் ஆட்டம் எகோயான் என்ற அர்மீனிய வம்சாவளி இயக்குநர் 1915 அர்மீனியப் படுகொலையைப் பற்றி எடுத்த படத்திலும் அவர் பெயர் சரோயான்தான். 42 வருடம் கழித்து, இந்தமுறை ஒளிக்காமல். முதலாளி இதைச் சொன்னபோது எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது.

தையல்காரர் படத்தைத் தங்கையின் போனுக்கு அனுப்புகிறேன். பிரெஞ்சு புரியாவிட்டால் பரவாயில்லை. ஜன்னலோரம் அவர் வேலை செய்வதை மட்டும் பாருங்கள். தாத்தா ஞாபகம் வருகிறதா என்று எழுதுங்கள்.

மாத்திரையை விடாமல் போடுங்கள். அடுத்த வாரம் கொஞ்சம் பணம் அனுப்புகிறேன், விறகு வாங்கிவையுங்கள்.

உங்கள் பேரன்