மின்னிரும்பை அச்சில் ஊற்றலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

தங்கள் இதழில் வரும் மாயாஜாலத் தொடரை முதல் வாரத்திலிருந்து படித்து வருகிறேன். சென்ற வாரம் கொல்லன் ‘மின்னிரும்பு’ என்ற மாய உலோகத்தை உருக்கி, அச்சில் ஊற்றி, விடிவதற்குள் வாளாக்கிவிட்டான். இரண்டே வரிகள். அதற்குமேல் படிக்க மனம் வரவில்லை.

வெண்கல வாளை ஊற்றலாம். ஒன்பது பங்கு செம்பு, ஒரு பங்கு வெள்ளீயம். ஏறத்தாழ 1,000 டிகிரி செல்சியஸில் தண்ணீராகிவிடும். இரும்பு அப்படியல்ல என்பது தாங்கள் அறியாததல்ல. தூய இரும்பு உருக 1,538 டிகிரி வேண்டும். தொடரில் வருவது போன்ற மண் உலையும் ஆட்டுத்தோல் துருத்தியும் 1,200 டிகிரியை எட்டினாலே பெரிது. அந்தச் சூட்டில் கசடுதான் உருகி ஓடும்; இரும்பு பஞ்சுபோல் உலைக்குள்ளேயே நிற்கும். அதை வெளியே எடுத்துச் சூடு ஆறுவதற்குள் சம்மட்டியால் அடித்துக் கசடைப் பிழிய வேண்டும். கரியை அதிகம் குடித்த இரும்பு 1,150 டிகிரி வாக்கில் உருகத்தான் செய்யும். ஆனால் அது வார்ப்பிரும்பு. அதில் தோசைக்கல் செய்யலாம். வாள் செய்தால் முதல் மோதலிலேயே இரண்டாகப் போகும்.

மாய உலோகத்துக்கு இந்தக் கணக்கெல்லாம் எதற்கு என்று கேட்பார்கள். மின்னிரும்பைக் காந்தம் இழுக்கும், மழையில் துரு ஏறும் என்று முதல் அத்தியாயத்தில் எழுதியவர் தொடராசிரியரேதான். நான் அவருடைய சொல்லையே பிடித்துக்கொண்டு பேசுகிறேன். அதைவிட முக்கியமாக, மின்னிரும்பின் சக்தி அதன் மேல் ஓடும் பின்னல் கோடுகளில் இருக்கிறது என்றும் அவரே எழுதினார். விண்கல் இரும்பில் அப்படிப்பட்ட கோடுகள் உண்மையிலேயே உண்டு. நிக்கல் கலந்த அந்த இரும்பு விண்வெளியில் பல மில்லியன் ஆண்டுகள் மெல்ல மெல்ல ஆறியதால் வந்தவை அவை. வெட்டி, மெருகேற்றி, அமிலம் தடவினால் தெரியும். 1808இல் வியன்னாவில் விட்மன்ஸ்டேட்டன் என்ற ஆய்வாளர் கண்டது அதைத்தான். ஒரு முறை உருக்கினால் போதும், கோடுகள் அத்தனையும் அழிந்துவிடும். திரும்ப வரவைக்க எந்தக் கொல்லனாலும் முடியாது. அடித்தாலும் கோடு சிதையும்தான். குறைந்த சூட்டில் பொறுமையாக அடித்தால் வளைந்து நெளிந்தாவது மிஞ்சும். ஊற்றிய கணத்திலேயே கொல்லன் தன் வாளின் மாயத்தைக் கொன்றுவிட்டான். கதையின் உயிர்நாடியே அறுந்துபோனது யார் கண்ணிலும் படவில்லையா?

முகலாய மன்னர் ஜஹாங்கீர் செய்தி தங்களுக்குத் தெரிந்ததே. 1621இல் ஜலந்தர் பக்கம் விழுந்த 160 தோலா விண்ணிரும்பை உஸ்தாத் தாவூத் என்ற கொல்லரிடம் கொடுத்தார். சம்மட்டி பட்டதும் அது பொடிந்தது. விண்கல்லில் கந்தகம் சேர்ந்த துணுக்குகள் கிடக்கும். 1,000 டிகிரிக்குச் சற்று முன்பே அவை உருகி, இரும்பின் மணிகளுக்கிடையே (இரும்பு நுண்ணிய மணிகள் சேர்ந்ததுதான்) வழுக்கிக்கொண்டு ஓடும். அந்தச் சூட்டில் அடித்தால் உதிராமல் என்ன செய்யும்? வேறு இரும்பைக் கலக்கும்படி மன்னர் சொல்ல, தாவூத் மூன்று பங்கு விண்ணிரும்புக்கு ஒரு பங்கு சாதாரண இரும்பு சேர்த்தார். இரண்டு வாள், ஒரு குத்துவாள், ஒரு கத்தி கிடைத்தன. முதலில் தோற்று, பிறகு கலவையை மாற்றி வென்ற அந்தக் கொல்லரைப் போல் ஒருவரை எழுதியிருந்தால் மூன்று வாரத்துக்கு விறுவிறுப்பு வந்திருக்குமே.

உருக்கித்தான் ஆகவேண்டும் என்றால் அதற்கும் வழி நம் ஊரிலேயே இருந்தது. இரும்புத் துண்டோடு ஆவாரங்கட்டையும் பச்சிலையும் மண் மூசைக்குள் (உலோகம் உருக்கும் கிண்ணம்) வைத்து, வாயைக் களிமண்ணால் அடைத்து, உலையில் வேகவைத்து, மூசைக்குள்ளேயே ஆறவிடுவார்கள். கரி சுமார் ஒன்றரை விழுக்காடு ஏறிய எஃகுக் கட்டி கிடைக்கும். அதையும் யாரும் அச்சில் ஊற்றவில்லை. சிவந்த சூட்டில், வெள்ளையாகப் பழுக்கவிடாமல், சிறுகச் சிறுக அடித்துத்தான் வாளாக்கினார்கள். வெண்சூட்டில் அடித்துப் பழகிய ஐரோப்பியக் கொல்லர்களின் கையில் அது நொறுங்கியது. மைக்கேல் ஃபாரடேயே 1820 வாக்கில் இந்த எஃகின் இரகசியத்தைத் தேடி உழைத்தார்.

சொல்லத் தொடங்கிவிட்டேன், மற்றதையும் சொல்லிவிடுகிறேன். நான்காம் அத்தியாயத்தில் வெண்சூடாகப் பழுத்த கத்தியைப் பனிநீரில் முக்கினார்கள். அவ்வளவு சூடேற்றினால் மணி பருக்கும்; முக்கியதும் அலகு விரிசல் விடும். காந்தம் ஒட்டாமல் போகும் சூடு 770 டிகிரி. அதற்குச் சற்று மேலே போனதும் எடுத்து எண்ணெயில் தோய்க்க வேண்டும். பிறகு மறுபடி இளஞ்சூடு காட்டிப் பதம் இறக்க வேண்டும். வைக்கோல் நிறம் வந்தால் 230 டிகிரி, வெட்டுவாய்க்கு நல்லது. நீலம் வந்தால் 300, வளைந்து நிமிரும். பதம் இறக்காத வாள் கண்ணாடிக்குச் சமம். ஆறாம் அத்தியாயத்தில் பத்து வயதுச் சிறுமி தலையளவு மின்னிரும்பை இடுப்பில் வைத்துக்கொண்டு மலையேறினாள். நாலு லிட்டர் கொள்ளளவு இரும்பு முப்பது கிலோவைத் தாண்டும். எதனாலும் கீற முடியாத உலோகம் என்றார்கள். அதைச் சாணை பிடித்தது எதைக் கொண்டு? ஓவியத்தில் குறட்டின் பிடி ஒரு சாண்கூட இல்லை. அந்த நீளத்தில் பிடித்தால் கை வெந்துவிடும்.

இவற்றைப் பற்றி முன்பே மூன்று கடிதங்கள் எழுதினேன். ஒன்றும் வெளிவரவில்லை. இடமில்லாமல் போயிருக்கும் என்று எடுத்துக்கொண்டேன். பட்டறைக்காரனின் கடிதம்தானே என்று ஒதுக்கியிருக்க மாட்டீர்கள் என்றே இன்னமும் நம்புகிறேன். கற்பனை எழுத எல்லோருக்கும் உரிமை உண்டு. ஆனால் தலைமுறை தலைமுறையாக நெருப்பின் முன் நின்றவர்களின் வேலையை இரண்டு வரியில் தண்ணீராக ஊற்றிவிட்டுப் போவது எங்களுக்கு வலிக்கிறது.

தொடர் புத்தகமாகும்போது ‘ஊற்றினான்’ என்பதை ‘அடித்தான்’ என்று மாற்றச் சொல்லுங்கள். ‘விடிவதற்குள்’ என்பதை எடுத்துவிட்டு இருபது நாளாவது கொடுங்கள். குறட்டின் பிடியை ஓவியர் ஒரு முழம் நீட்டினால் நன்று.

இப்படிக்கு,
இரும்புப் பட்டறை வாசகர் ஒருவர்,
சேலம் மாவட்டம்.